தலைக்கட்டுக்கு ஒரு பாடு

எங்க வூட்டுக்காரரு கடைசியா சிரிச்சது ஒரு வீடியோ கேசட்டுல இருந்துச்சு. அந்தக் கேசட்டு யாருதுன்னு ஊர்ல பஞ்சாயத்து வெச்சாங்க. என்னுது இல்லன்னு முடிஞ்சிபோச்சு. இத நான் யார்கிட்டயாவது சொன்னா உடனே என் மூஞ்சியப் பாக்கறாங்க, கண்ணு கலங்குதான்னு. கலங்காது. அதுக்காக எனக்குக் கல்லு மனசுன்னு நெனச்சிக்காதீங்க, சொல்லிட்டேன்.

எம்பத்துல வீடியோ வந்த புதுசு. பழவேற்காடு கடத்தெருவுல எங்க அண்ணனோட சேக்காளி ஒருத்தரு, பாய், ரேடியோ ரிப்பேர் கடை வெச்சிருந்தாரு. அவரோட சொந்தக்காரரு வெளிநாட்டுலேர்ந்து ஒரு வீடியோ கேமரா கொண்டாந்து, அதுல எந்த பட்டன அமுக்கறதுன்னு தெரியாம அலமாரியில வெச்சிருந்தாரு. பாய் அதக் கேட்டு வாங்கிக்கினாரு. கேமரா ஒரு தோள்ல, அதோட பொட்டி இன்னொரு தோள்ல, நடுவுல ஒரு ஒயரு. அத மாட்டிக்கினு எங்க குப்பத்துக்குள்ள மொத மொத பாய் நடந்து வந்தப்போ, நாய்ங்க எல்லாம் ஒண்ணா சேந்து கொலச்சதுங்க.

கல்யாணம் காதுகுத்துன்னு எடுக்கலாம்னுதான் ஆரம்பிச்சோம். ஆனா எங்க பக்கம் தெனமுமா கல்யாணம் நடக்குது? சும்மா இருக்கற நாள்ல பாய் கேமராவத் தூக்கிக்குவாரு, நான் மைக்கப் புடிச்சிக்குவேன், எந்த வூட்டுல கதவு தொறந்திருக்கோ உள்ள பூந்துடுவோம். "இன்னாக்கா, இன்னிக்கி இன்னா கொழம்பு?"ன்னு கேப்பேன். அவ்ளோதான், மடை தொறந்த மாதிரி பேசுவாங்க. கொழம்புல ஆரம்பிச்சி, மாமியார்ல போயி, புருஷன் குடிச்சிட்டு வந்து வலையில சிக்கிக்கினு படுத்த கதை வரைக்கும் வந்துடும். எங்கிட்ட அப்படி ஒரு வாயி. எங்க நைனா சொல்வாரு, "இவ வாய வெச்சே ரெண்டு ஊர வாங்கலாம், ரெண்டு ஊர விக்கலாம்"னு.

பாய் படம் புடிப்பாரு, நான் பேச வெப்பேன். அண்ணன் படம் போடற கொட்டாயப் பாத்துக்குவாரு. எங்க வூட்டுக்காரரு ஏரிக்கு மீன் புடிக்கப் போயிட்டு வந்த நேரம் போவ, ஒயர் இழுக்கறது, பெஞ்சி தூக்கறதுன்னு எல்லாம் செய்வாரு. நாங்க எடுத்ததுக்குப் பேரே கெடையாது. ஜனங்கதான் "நம்ம படம்"னு வெச்சாங்க. "இன்னிக்கி நம்ம படம் உண்டா?"ன்னு கேட்டுக்கினே வருவாங்க. மெட்ராசுலேர்ந்து வர்ற சினிமா கேசட்ட விட இதுக்குக் கூட்டம் ஜாஸ்தி. இன்னா இருக்கு அதுல? பக்கத்து வூட்டுக்காரி இறாலு ஆயறா. ஒருத்தன் கண்ணாடி இல்லாம சவரம் பண்ணிக்கறான். அதப் பாத்து வயிறு வலிக்க சிரிக்கறாங்க. நேர்ல தெனம் பாக்கறதுதான், ஆனா பொட்டிக்குள்ள பாத்தா சோக்கா இருக்குதாம்.

ஒரு கட்டுப்பாடு மட்டும் வெச்சிருந்தேன். யார எடுத்தோமோ அவங்களுக்கு மொதல்ல போட்டுக் காட்டணும். அவங்க "வோணாம்"னு சொன்னா அத அழிச்சிடணும். பாய்க்கு அதுல கொஞ்சம் வருத்தம்தான், நல்லா வந்ததெல்லாம் போவுதேன்னு. நான் வுடல. நாளைக்கி அந்தப் பொம்பள மூஞ்சியில முழிக்க வேண்டியது நானு, பாய் இல்லயே.

கேமரா இருந்துச்சே தவிர, போட்டுக் காட்ட டெக்கும் டிவியும் வாடகைக்குத்தான் எடுத்துக்கினு இருந்தோம். கரண்டு போனா ஆட்டம் குளோஸு. அப்போதான் மொதலாளி வந்தாரு. பக்கத்துக் குப்பத்துல பொறந்தவரு, எங்க ஜனந்தான். இறாலு வாங்கி ஏத்தி அனுப்பற ஏவாரத்துல பெருசா ஆயி, ஆரம்பாக்கத்துல மாடி வூடு கட்டிக்கினு போனவரு. கெட்டவருன்னு சொல்ல மாட்டேன். அதிர்ந்து பேச மாட்டாரு. வரும்போதெல்லாம் பிஸ்கோத்து வாங்கியாந்து கொழந்தைங்க கையில குடுப்பாரு. "நான் எல்லாம் வாங்கித் தரேன். புது டெக்கு, பெரிய டிவி, ஜெனரேட்டரு, நல்ல கொட்டாயி. என்னையும் கூட்டுல சேத்துக்கங்க"ன்னாரு.

எங்களுக்குக் கசக்குதா? ஆனா பெரிய மனுஷன் உள்ள வந்தா நம்மள வெளியே தள்ளிடுவாரோன்னு ஒரு பயம். அதுக்கு எங்க அண்ணன் ஒரு வழி கண்டுபுடிச்சாரு. இத நெனச்சா இப்பவும் எனக்கு அண்ணன் மண்டையில நங்குன்னு ஒண்ணு வெக்கணும்போல இருக்கு.

எங்க ஏரியில ஒரு பழக்கம். மீனு எல்லா எடத்துலயும் ஒரே மாதிரி கெடைக்காது. அதனால சீட்டு குலுக்கிப் போட்டு, இன்னிக்கி இந்த எடத்துல இவங்க, நாளைக்கி அவங்கன்னு முறை வெச்சி வலை போடுவாங்க. அந்த முறைக்குப் பேரு பாடு. கல்யாணம் ஆன ஆம்பள ஒவ்வொருத்தனும் ஒரு தலைக்கட்டு. தலைக்கட்டுக்கு ஒரு பாடு. பாடு யாருதோ, அன்னிக்கி அந்த எடத்துல அவன் வெச்சதுதான் சட்டம், பணக்காரன் ஏழைன்னு பேச்சே இல்ல. எங்க அண்ணன் சொன்னாரு, "கம்பெனியையும் ஏரிப் பாடு வழக்கப்படியே வெச்சிக்கலாம். தலைக்கட்டுக்கு ஒரு பாடு. யாரு பாடோ அன்னிக்கி கேமராவும் கொட்டாயும் அவரு கையில. பிரச்சினைன்னு வந்தா தலைக்கட்ட எண்ணிப் பாத்து முடிவு பண்ணிக்கலாம்."

கணக்கு எங்களுக்கு நல்லாத்தான் பட்டுச்சு. அண்ணன் ஒரு தலைக்கட்டு. எங்க வூட்டுக்காரரு ஒரு தலைக்கட்டு, அது என் பங்கு. பாயையும் ஒரு தலைக்கட்டா வெச்சிக்கினோம். மொதலாளி ஒருத்தரு. அப்போ எப்பவும் நம்ம பக்கம்தானே ஜாஸ்தி? கோயிலாண்ட ஊர் பெரியவங்க முன்னாடி அண்ணன் இத நெஞ்ச நிமித்திக்கினு சொன்னாரு. மொதலாளி ஒரு நிமிஷம் யோசிச்சிட்டு, "நம்ம முன்னோருங்க வெச்ச வழக்கம். அதுக்கு மேல நான் இன்னா சொல்ல"ன்னு கும்புட்டாரு. நாங்க பெரிய புத்திசாலிங்கன்னு நெனச்சிக்கினு வூட்டுக்கு வந்து வஞ்சிரம் வறுத்துத் தின்னோம்.

அதுக்கப்புறம் நல்லாவே ஓடுச்சு. பசியாவரத்துலேர்ந்து படகு படகா வந்து பாத்துட்டுப் போவாங்க. மொதலாளி பாடு வர்ற அன்னிக்கி சினிமாதான் போடுவாரு. எப்பவாவது எங்கிட்ட, "ஏம்மா, பொம்பளைங்க சண்டைய நல்லா எடு, அதுக்குத்தான் விசிலு பறக்குது"ம்பாரு. நான் சிரிச்சி மழுப்பிடுவேன்.

அந்த நாளு எங்க பாடு. காலையில எங்க வூட்டுக்காரரு படகத் தள்ளப் போனாரு. வேற ஆளு கெடைக்கல, அதனால நான் அவருகிட்டயே மைக்க நீட்டி, "யோவ், இன்னிக்கி வூட்டுல இன்னா கொழம்பு, சொல்லு பாப்போம்"னு வம்புக்கு இழுத்தேன். அவரு கேமரா முன்னாடி நிக்கவே கூச்சப்படற ஆளு. அன்னிக்கின்னு பாத்து நின்னு, ஒண்ணு சொன்னாரு. சுத்தி நின்ன பொம்பளைங்க கொல்லுன்னு சிரிச்சாங்க. எனக்கு வெக்கமாப் போயி, மைக்காலயே அவரு தோள்ல ஒண்ணு போட்டேன். அவரும் சிரிச்சிக்கினே படகுல ஏறுனாரு.

வாடக்காத்து திடீர்னு ஏறிச்சி. முகத்துவாரத்துல படகு கவுந்துடுச்சி. பாய் கரையில இறாலு ஆயறவங்கள எடுத்துக்கினு இருந்தாரு, அதே கேசட்டுல. எங்க வூட்டுக்காரர உசுரில்லாம தூக்கிக்கினு வந்தாங்க. கேமரா ஓடிக்கினே இருந்துச்சி. பாய் அப்புறம் எங்கிட்ட வந்து, "தங்கச்சி, நிறுத்தணும்னு எனக்குத் தோணவே இல்லம்மா, கை அப்படியே இருந்துட்டுது"ன்னு அழுதாரு. எனக்குக் கோவம் வரல. அந்தக் கரையில இன்னா நடந்துச்சின்னு எனக்கு ஒண்ணுமே ஞாபகம் இல்ல. மரத்துப்போன கால கிள்ளிப் பாத்தா எப்படி இருக்கும், அப்படித்தான் இருந்தேன். சோறு போட்டாங்க, தின்னேன். வளையல ஒடச்சாங்க, கைய நீட்டுனேன். ஒரு பொம்பள காது படவே சொன்னா, "இவ்ளோ பேசுவாளே, ஒரு சொட்டு கண்ணீரு வருதா பாரு"ன்னு. நியாயமாப் பாத்தா அவ கொண்டைய புடிச்சி இழுத்திருக்கணும்.

ஒண்ணே ஒண்ணுதான் மனசுல ஓடிக்கினே இருந்துச்சு. காலையில அவரு இன்னா சொன்னாரு? நான் கேட்டது ஞாபகம் இருக்கு, சிரிச்சது ஞாபகம் இருக்கு, தோள்ல தட்டுனது ஞாபகம் இருக்கு. அவரு சொன்னது மட்டும் தொடச்சி வெச்ச மாதிரி போயிடுச்சி. பக்கத்துல நின்ன பொம்பளைங்களக் கேட்டேன். ஒருத்தி காரப்பொடி மீனுன்னு சொன்னாருன்றா, இன்னொருத்தி, இல்ல, ஒன் கை கொழம்பா இருந்தா கல்லும் கரையும்னு சொன்னாருன்றா. இது எதுவும் இல்லன்னு எனக்குத் தெரியும். கேசட்டுல இருக்குதுல்ல, துக்கம் கழியட்டும், வெளிய போனதும் போட்டுப் பாத்துக்கலாம்னு ஒரு தெம்பு. எங்க ஜனத்துல தாலியறுத்தவ லேசுல வாசப்படி தாண்ட முடியாது.

நான் தாண்டறதுக்குள்ள மொதலாளி கேசட்டப் பாத்துட்டாரு. பாய்தான் ஓடியாந்து சொன்னாரு. "அவரு பாடு வர்ற அன்னிக்கி அதப் போடப் போறாராம் தங்கச்சி. ஊரே அழுவும், அழுதா மறுநாளும் வரும்னு சொல்றாரு."

எனக்குக் கோவம் தலைக்கு மேல ஏறிடுச்சு. வாசப்படியாவது ஒண்ணாவதுன்னு நேரா கொட்டாயிக்குப் போனேன். "யார எடுத்தோமோ அவங்களுக்குக் காட்டிட்டுத்தான் போடணும். இதுல இருக்கறவ நானு. எங்கிட்ட குடுங்க, நான் வோணாம்ன்றேன்"ன்னு சொன்னேன். மொதலாளி எழுந்து நின்னு, மரியாதையாத்தான் பேசுனாரு. "ஏம்மா, ஒன் பாட்டுல நீ வெச்ச சட்டம் அது. என் பாட்டுல நான் வெக்கிறதுதானே சட்டம்? இதுதானே ஒங்க அண்ணன் சொன்ன வழக்கம்?" அண்ணன் பதறிக்கினு, "அப்போ தலைக்கட்ட எண்ணலாம்"னாரு. மொதலாளி, "எண்ணலாமே"ன்னு சிரிச்சாரு.

பஞ்சாயத்துக்கு அவரு தனியா வரல. புள்ளைங்கள இட்டாந்தாரு. ஒவ்வொருத்தனா வரிசையா வந்து ஒக்காந்தானுங்க, எல்லாம் கல்யாணம் ஆனவனுங்க. மொதலாளி கும்புட்டு, "தலைக்கட்டுன்னா கல்யாணம் ஆன ஆம்பள. எம் புள்ளைங்க ஒவ்வொருத்தனும் ஒரு தலைக்கட்டு. ஏரிப் பாட்டுல அப்படித்தானே?"ன்னாரு. பெரியவங்க தலைய ஆட்டுனாங்க. அப்படித்தான். "பாய் தங்கமான மனுஷன். ஆனா நம்ம பாட்டுல அவருக்குத் தலைக்கட்டு ஏது?" அதுக்கும் தலைய ஆட்டுனாங்க. அப்புறம் என் பக்கம் பாக்காமயே சொன்னாரு, "இந்தம்மா வூட்டுத் தலைக்கட்டு போயிடுச்சி. பொம்பளைக்குப் பாடு கெடையாது. நான் புதுசா எதுவும் சொல்லல."

அவரு புதுசா எதுவுமே சொல்லல, அதான் கொடும. நாங்க ஏரி வழக்கத்தக் கொண்டாந்து கம்பெனியில வெச்சப்போ, அதுல இருக்கற நல்லது மட்டும் வரும்னு நெனச்சிக்கினோம்.

பொம்பளைங்க பின்னாடி நின்னு கேக்கலாம், பேசக் கூடாது. நான் முன்னாடி வந்தேன். "ஏரியில மீன யாரும் செய்யல, அதனால பங்கு போட்டீங்க, சரி. இந்தப் படத்த யாரு செஞ்சது? எம் வாயும் பாய் கண்ணும். மொதலாளி, ஒங்க புள்ளைங்கள ஒரு தபா அந்தக் கேமராவத் தூக்கச் சொல்லுங்க, எந்தப் பக்கம் கண்ண வெக்கிறதுன்னு தெரியுதா பாக்கலாம்!" ஜனம் சிரிச்சிடுச்சி. மொதலாளியே சிரிச்சாரு. "எனக்குக் கம்பெனி வோணாம், கொட்டாயி வோணாம், எல்லாத்தையும் நீங்களே வெச்சிக்கங்க. அந்த ஒரு கேசட்டு மட்டும் குடுங்க. அதுல அவரு பேசறாரு"ன்னேன்.

ஒரு பெரியவரு எங்க அண்ணனப் பாத்து, "நீ இன்னாப்பா சொல்ற? வழக்கம் செல்லுமா, செல்லாதா?"ன்னு கேட்டாரு. அண்ணன் தரையப் பாத்தாரு. செல்லாதுன்னு சொன்னா, நாளைக்கே எவனாவது ஏரியில அவரு பாடும் செல்லாதுன்னு கெளம்புவான். அத வெச்சித்தானே வூட்டுல அடுப்பு எரியுது. எனக்குப் புரிஞ்சிது. புரிஞ்சா மட்டும் வலிக்காம போயிடுமா? "செல்லும்"னாரு அண்ணன். நான் தலைய மூடிக்கினு வூட்டுக்கு வந்துட்டேன்.

மொதலாளி பாட்டுல அந்தப் படத்தப் போட்டாரு. அப்புறம் எல்லாமே மொதலாளி பாடுதான், தெனம் போட்டாரு. கூட்டமான கூட்டம். நான் கொட்டாயி பக்கமே போவல, செத்தாலும் போவக் கூடாதுன்னு ஒரு வீம்பு. தண்ணி எடுக்கற எடத்துல பொம்பளைங்க எங்கையப் புடிச்சிக்குவாங்க. "நேத்து பாத்தேண்டி, ஒன்னப் பாத்து அழுது அழுது எனக்கு ஜொரமே வந்துடுச்சி." நானு அழுதேனா? "பின்னே? மண்ணு வாரித் தலையில போட்டுக்கினியே!" எனக்கு யாரோ மூணாவது மனுஷியப் பத்திச் சொல்ற மாதிரிதான் இருந்துச்சி. எவளாவது ஒருத்தி, அவரு காலையில பேசனதப் பத்தி ஒரு வார்த்த சொல்வாளான்னு காத்துக்கினு இருப்பேன். ஒருத்தியும் சொல்லல. என் மனசு கஷ்டப்படும்னு மறைக்கறாங்கன்னு நெனச்சிக்கினேன்.

கூட்டம் கொறைஞ்சதும் மொதலாளியே ஒரு நாளு வூட்டுக்கு வந்தாரு. கையில பிஸ்கோத்து, கூடவே அந்தக் கேசட்டு. "இந்தாம்மா. இது ஒன்னுது. நான் பாவம் சேத்துக்க விரும்பல"ன்னாரு. வாங்கிக்கினேன். நெஞ்சு திக்கு திக்குன்னு அடிச்சிக்குது. ரொம்ப நாளு கழிச்சி ஒடம்புல உசுரு இருக்குன்னு அன்னிக்கித்தான் எனக்குத் தெரிஞ்சிது. அப்படியே பொடவையில முடிஞ்சிக்கினு கடத்தெருவுக்கு நடந்தேன். பாய் கடையில ரிப்பேருக்கு வந்த டெக்கு ஒண்ணு இருந்துச்சி. பாய் கடைக்கதவ சாத்திட்டு, எனக்கு ஸ்டூலு போட்டு, கேசட்ட உள்ள தள்ளுனாரு.

ஒரு கல்யாணப் பந்தி வந்துச்சி. யாருன்னே தெரியாத ஜனங்க வரிசையா ஒக்காந்து சாப்புடறாங்க. ஒருத்தன் வாளியில சாம்பாரு தூக்கிக்கினு வரான். "கேசட்டு மாத்திக் குடுத்துட்டாரா பாய்?"ன்னு கேட்டேன். பந்தி ஓடிக்கினே இருந்துச்சி. அப்புறம் பொட்டியில புள்ளி புள்ளியா பூச்சி பறந்து, டக்குன்னு கரை வந்துடுச்சி. அவரத் தூக்கிக்கினு வராங்க.

பாய் தலையில கை வெச்சிக்கினாரு. மொதலாளி புள்ளைங்க வேலை. காலையில எடுத்த பேச்செல்லாம் எதுக்கு, ஜனங்க அழுவறதத்தானே போடச் சொல்றாங்கன்னு, அதுக்கு மேலயே ஒரு கல்யாணத்த எடுத்துட்டானுங்க. வேணும்னு செய்யல. காலி எடம் மாதிரிதான் அவனுங்களுக்குப் பட்டிருக்கும்.

"பாய், நீங்கதானே எடுத்தீங்க? அவரு இன்னா சொன்னாரு?"ன்னேன். பாய் கண்ண இறுக்கி மூடிக்கினாரு. மனசுக்குள்ள அந்தப் படத்த ஓட்டிப் பாத்தாரு. "வெயிலு அவரு முதுகுப் பக்கம் இருந்துச்சிம்மா. மூஞ்சி கறுப்பாத் தெரியுதேன்னு நான் தள்ளி நின்னேன். பேச்ச நான் கேக்கலியே தங்கச்சி"ன்னாரு.

பொட்டியில ஒருத்தி கதறிக்கினு இருந்தா. தலைவிரி கோலமா, கையில மைக்கு. அத அவ கீழயே போடல. நான்தான் அது. சத்தம் கம்மியா இருந்துச்சி. "கொஞ்சம் தூக்கி வைங்க பாய், நான் இன்னா சொல்றேன்னு கேப்போம்"னேன். பாய் வோணாம்னாரு. நானே எழுந்து திருகுனேன்.

"காலையில அப்பிடி சொல்லிட்டுப் போனியேய்யா," அவ மாரடிச்சிக்கினு கத்தறா. "எல்லாரும் சிரிக்க அப்பிடி சொல்லிட்டுப் போனியே! இன்னொரு தபா சொல்லுய்யா, அத இன்னொரு தபா சொல்லு!" சொல்லிக்கினே அந்த மைக்க அவரு வாயாண்ட கொண்டு போயி வெக்கிறா.